அளந்தவர் வரட்டும்

கேள்வி முழுசாக வந்து விழுந்துவிட்டது, பதில்தான் பாக்கி, அதற்குள் கரண்ட் போய்விட்டது. தலைக்கு மேலே ஓடிக்கொண்டிருந்த ஃபேன் சோம்பலாக இரண்டு சுற்றுச் சுற்றி நின்றது. தட்டச்சு செய்துகொண்டிருந்த ஸ்டெல்லாவின் மேசைக்கடியில் யூபிஎஸ் பெட்டி கீ கீ என்று நாலு தரம் கத்திவிட்டு அடங்கியது. "ஐயா, கேள்வி வரைக்கும் ஏறிருச்சு, பதில் ஏறல" என்றாள் ஸ்டெல்லா. நடுவர் கிறிஸ்துதாஸ் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். பதிவில் ஏறாத பதில் தனக்கு வேண்டாம், கரண்ட் வந்த பிறகு சொன்னால் போதும், அதுவரை சாட்சி இருந்த இடத்திலேயே இருக்கட்டும், யாரும் அவரிடம் பேச்சுக் கொடுக்கக் கூடாது என்றார். இன்வெர்ட்டர் பேட்டரி போன வாரமே செத்துப்போனதற்காக எல்லாரிடமும் பொதுவாக வருத்தமும் தெரிவித்துக்கொண்டார். ஜெயக்கொடியின் வாய் திறந்தபடி இருந்தது. மூடிக்கொண்டாள். எதைச் சொல்ல அந்த வாய் திறந்தது என்று அவளுக்கே தெரியவில்லை. இன்னும் அரை நொடி கரண்ட் இருந்திருந்தால் ஏதோ ஒன்று வெளியே வந்திருக்கும், அது எதுவாக இருந்திருக்கும் என்று யோசிக்கப் பயமாக இருந்தது, கொஞ்சம் வேடிக்கையாகவும் இருந்தது. கையில் ஒரு போட்டோ. ஒன்பது வருஷத்துக்கு முந்தியது. மஞ்சள் ஹெல்மெட்டும் சுடிதாரும் ஷூவுமாக ஒரு பெண் ஒரு பள்ளத்துக்குள் நின்று வாய்விட்டுச் சிரிக்கிறாள். அந்தப் பெண் இவள்தான். சீனிச்சாமியின் வக்கீல் அதைக் கையில் கொடுத்துத்தான் கேட்டார்: "உங்க கையெழுத்துல அளவுப் புத்தகத்துல 'கடின மண்'ணுன்னு எழுதியிருக்கீங்க. இந்தப் படத்துல எது மேல நிக்கிறீங்கம்மா? மண்ணு மேலயா, பாறை மேலயா?"

அவர் பேரில் தப்பில்லை, கேட்கவேண்டிய கேள்விதான். மதுரையில், ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதியான இந்த நடுவருடைய வீட்டு மாடி ஹாலில் இன்றைக்கு இத்தனை பேர் வேர்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதே அந்த ஒரு கேள்விக்காகத்தான். தேனிப் பக்கம் கட்டாரி ஓடையின் குறுக்கே ஒரு பாலம். கட்டியவர் சீனிச்சாமி, ஒப்பந்ததாரர். கட்டியதை அன்றாடம் பக்கத்தில் நின்று பார்த்து, அளந்து, எழுதியவள் ஜெயக்கொடி, அப்போது உதவிப் பொறியாளர். நாலு மீட்டர் ஆழம் வரைக்கும் மண்தான் என்று மண் பரிசோதனை அறிக்கை சொன்னது, மண்ணுக்கான ரேட்டில்தான் ஒப்பந்தமும் போட்டார்கள். ஒன்றரை மீட்டர்கூடத் தோண்டவில்லை, பாறை வந்துவிட்டது. பாறையை உடைக்க மண்ணை அள்ளுவதைப் போலப் பத்து மடங்கு செலவு. அந்தச் செலவைக் கேட்டார் சீனிச்சாமி. ஒப்பந்தத்தில் மண் என்று இருக்கிறது, பில் போட ஆதாரமான அளவுப் புத்தகத்திலும் மண் என்று இருக்கிறது, மண்ணுக்கு உண்டானதைக் கொடுத்தாயிற்று என்றது அரசுத் துறை. கடுதாசி போட்டு, நினைவூட்டல் போட்டு, வக்கீல் நோட்டீஸ் விட்டு, கடைசியில் இந்த மாடிப்படி. மூன்று வருஷமாக இரண்டு தரப்பும் கட்டுக்கட்டாகக் காகிதம் கொடுத்திருக்கிறார்கள். அத்தனையையும் படித்துவிட்டு நடுவர் ஒரே ஒரு வரி உத்தரவு போட்டாராம்: அளந்தவர் வரட்டும். அவள் இப்போது அதே கோட்டத்தில் வேறு ஊரில், ஒரு படி மேலே, உதவிக் கோட்டப் பொறியாளர். சம்மனைப் பிரித்தபோது அந்த வரிதான் முதலில் கண்ணில் பட்டது. அளந்தவர். யாரோ நடுத்தெருவில் நின்று தன்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி இருந்தது. இருபது வருஷ வேலையில் தன்னை யாரும் அந்தப் பெயரால் கூப்பிட்டதில்லை, ஆனால் அதுதான் தன் பெயர் என்று பட்டது.

சரி, எதற்குச் சிரித்தோம்? போட்டோவை வெளிச்சத்துப் பக்கம் திருப்பினாள். காலுக்குக் கீழே பாறை, சந்தேகமே இல்லை, கறுப்பும் சாம்பலுமாக, பொக்லைன் பல் கீறிய தடங்களோடு. அதைப் பார்க்கும் யாரும் மண் என்று சொல்லமாட்டார்கள், அவள் மட்டும் எழுதியிருக்கிறாள். அதைப் பற்றி யோசிக்கத்தான் இந்த நேரம் கிடைத்திருக்கிறது. ஆனால் மனசு அங்கே நிற்கமாட்டேன் என்கிறது, அந்தச் சிரிப்பிலேயே போய்ப் போய் மோதுகிறது. எதற்கு இவ்வளவு பெரிய சிரிப்பு? கடைவாய்ப் பல் வரைக்கும் தெரிகிறது. காலையில் காரில் வரும்போது கோட்டப் பொறியாளர் ராஜவேலு முன்சீட்டில் இருந்தபடியே, திரும்பாமல், கண்ணாடி வழியாக ரோட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "ஞாபகம் இல்லைன்னு சொல்லிட்டாப் போதும்மா. ஒம்போது வருஷம். யாருக்கு என்ன ஞாபகம் இருக்கப்போவுது. அது பொய்யும் இல்ல பாருங்க." அவர் கெட்டவர் இல்லை. அவர் இந்தக் கோட்டத்துக்கு வந்தே இரண்டு வருஷம்தான், அந்தப் பாலத்துக்கும் அவருக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை, ஆனால் நாளைக்குத் தணிக்கைக்காரர்கள் வந்து ஏன் கொடுத்தாய் என்று அவரைத்தான் கேட்பார்கள். கொடுக்காதவனை இதுவரை யாரும் ஏன் கொடுக்கவில்லை என்று கேட்டதில்லை. அவர் பயம் அவருக்கு. ஞாபகம் இல்லை. வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்தாள். வழவழவென்று தொண்டையில் இறங்கிப் போகிற வார்த்தை, எங்கேயும் சிக்காது. வேடிக்கை என்னவென்றால் அவளுக்கு எல்லாம் ஞாபகம் இருந்தது, அந்தச் சிரிப்பின் காரணம் ஒன்றைத் தவிர. எதற்குச் சிரித்தீர்கள் என்று வக்கீல் கேட்டிருந்தால் ஞாபகம் இல்லை என்று சத்தியமாகவே சொல்லியிருக்கலாம். பாவி மனுஷன் அதை விட்டுவிட்டுப் பாறையைக் கேட்கிறார்.

டங் என்ற சத்தம் ஞாபகம் இருக்கிறது. பொக்லைனின் வாளிப் பல் முதல்தடவை பாறையில் இடித்த சத்தம். இரண்டாம் தூணுக்கான குழி. ஓட்டுநர் எஞ்சினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தான். சுற்றிலும் எல்லாரும் பேச்சை நிறுத்தினார்கள், கம்பி கட்டிக்கொண்டிருந்தவர்கள்கூட. அவள் குழிக்குள் இறங்கிக் கையால் மண்ணை விலக்கித் தொட்டுப் பார்த்தாள். ஏப்ரல் மாத வெயிலில் அது குளுகுளுவென்று இருந்தது. அப்புறம் கம்ப்ரஸர் வந்தது, துளைபோடும் சத்தத்தில் பக்கத்து மாந்தோப்பில் இருந்த மயில்கள் எல்லாம் ஓடை தாண்டிப் போயின. வெடி வைக்கும் நாளில் மேய வரும் ஆடுகளை இரண்டு பக்கமும் மறித்து நிறுத்தக் கல் சுமக்கும் பேச்சியம்மாள் சிவப்புச் சேலையை மடித்துக் கொடியாகப் பிடித்துக்கொண்டு நிற்பாள். வெடித்த பிறகு எழுகிற அந்த வாசனை, கந்தகமும் ஈரக்கல்லும் கலந்த வாசனை, இப்போது இந்த மாடி ஹாலில், ஸ்டெல்லா தலையில் வைத்திருந்த மல்லிகையைத் தாண்டிக்கொண்டு மூக்கில் ஏறியது. அவளுக்கு அப்போது முப்பத்தைந்து வயது. மகள் நறுமுகை ஒன்றாம் வகுப்பு. விடிந்ததும் கிளம்பி முதல் பஸ் பிடித்து ஓடைக்கு வந்துவிட வேண்டும் என்று மனசு பறக்கும். ஆபீஸ் என்றால் தலைவலிக்கும், ஓடை என்றால் எல்லாம் சரியாகிவிடும். உடைத்த பாறையை அளக்கும் நாட்கள்தான் எல்லாவற்றிலும் நல்ல நாட்கள். டேப்பின் ஒரு நுனி அவள் கையில், மறு நுனி சீனிச்சாமி கையில். அவர் குழியின் அந்த மூலையில் குந்துவார், அவள் இந்த மூலையில். "இழுத்துப் பிடிங்க, தொய்யுது" என்பாள். டேப் தொய்ந்தால் நீளம் கூடிக் காட்டும், அவருக்கு லாபம். அவர் இழுத்துப் பிடிப்பார். "மேடம், நீங்க பூஜ்யத்துல இருந்துதான பிடிச்சிருக்கீங்க? போன தடவை கொக்கி மூலையத் தொடல" என்பார். பார்ப்பாள், ஆமாம், அரை அங்குலம் அவருக்கு நஷ்டமாகத்தான் பிடித்திருப்பாள். சரிசெய்வாள். இப்படி ஆறு குழி. ஒவ்வொரு குழிக்கும் நாலு மூலை ஆழம், நடு ஆழம். எண்ணை அவள் சொல்ல, அவர் திருப்பிச் சொல்ல, இரண்டும் ஒன்றாக இருந்தால்தான் எழுத்து. கடைசியில் கூட்டிப் பார்த்தபோது அறுநூற்றுப் பன்னிரண்டு கன மீட்டர் பாறை. வயல் புத்தகத்தில், அதாவது வெயிலில் நின்று பென்சிலால் குறித்துக்கொள்கிற அந்தக் கையடக்கப் புத்தகத்தில், அவள் கையெழுத்துப் போட்டாள், பக்கத்திலேயே அவரும் போட்டார். யாரும் யாரையும் ஏமாற்றாத ஒரு சாயங்காலம்.

அந்த வயல் புத்தகம் இப்போது அவள் கைப்பையில், டிபன் பாக்ஸுக்கும் தண்ணி பாட்டிலுக்கும் நடுவில் இருந்தது. எடுத்துவர வேண்டும் என்று அவள் முடிவு எடுக்கவில்லை. காலையில் பீரோவைத் திறந்து சேலை எடுத்தபோது கைக்கு அது வந்தது, பைக்குள் போனது, அவ்வளவுதான். முடிவு எடுத்தால் அல்லவா பயப்பட வேண்டும்? செருப்பு மாட்டும்போது நறுமுகை கேட்டாள்: "நீ எந்தக் கட்சிச் சாட்சிம்மா?" துறை என்று சொன்னாள். சொல்லிவிட்டுப் படியிறங்கி கார் வரைக்கும் வருவதற்குள் அந்த வார்த்தை வாயில் சரியாகப் படியாமல் உறுத்திக்கொண்டே வந்தது. பாறை என்று எழுதிய புத்தகம் பையில். மண் என்று எழுதிய புத்தகம் மேசைமேல். இரண்டும் ஒரே கையெழுத்து. மண் என்று எழுதிய நாளும் மறக்கவில்லை. ஆபீஸ். அப்போதிருந்த கோட்டப் பொறியாளர், ஓய்வுபெற ஏழு மாதம் இருந்தவர், ரொம்பத் தன்மையாகத்தான் சொன்னார். "பாறைன்னு இப்ப எழுதினா திருத்திய மதிப்பீடு மேல போகணும், போயி வர்ற வரைக்கும் பில்லே நிக்கும், அந்தாளுக்குத்தான் கஷ்டம். இப்போதைக்குக் கடின மண்ணுன்னு எழுதிப் பில்லப் போட்டுவிடும்மா. மதிப்பீடு வந்ததும் பாறைக்குத் தனியா எழுதிக்கலாம்." நியாயமாகத்தான் பட்டது. சீனிச்சாமிக்கு உதவி என்றே நினைத்து எழுதினாள். திருத்திய மதிப்பீடு வரவே இல்லை. அவர் மாலை மரியாதையோடு ஓய்வுபெற்றுப் போனார். அவளுக்கு மாற்றல் வந்தது. எழுதின வார்த்தை மட்டும் அங்கேயே இருந்து, கல்லாகிக் கெட்டிப்பட்டு, இன்றைக்கு ஒரு மனுஷனை மறித்துக்கொண்டு நிற்கிறது. ஆக பாறை என்று சொன்னால் என்ன ஆகும்? அளவுப் புத்தகத்தில் பொய் எழுதினேன் என்று சொந்த வாயால் சொன்னதாகும். பதினேழு பி வரும். அந்த எண்ணை அறியாத அரசு ஊழியர் கிடையாது, குற்றச்சாட்டுக் குறிப்பாணை. அடுத்த மாசம் பதவி உயர்வுப் பட்டியல் வேறு. பட்டியலில் பெயர் நாலாவதாக இருக்கிறது என்று ஊழியர் சங்கத்துக்காரர் சொன்னார். நாலாவது பெயர் காணாமல் போகும். வீட்டுக் கடன், இன்னும் இரண்டு மூன்று வருஷத்தில் நறுமுகைக்குக் காலேஜ். பயம் வரிசையாக வந்தது, ஒவ்வொன்றும் அதனதன் இடத்தில் உட்கார்ந்தது. ஆனால் என்ன ஆச்சரியம், வழக்கமாக இவையெல்லாம் வந்தால் நெஞ்சு படபடக்கும், இப்போது படபடக்கவில்லை. பந்திக்கு வந்தவர்களை எண்ணுவது போல எண்ணிப் பார்த்தாள். அஞ்சு. அவ்வளவுதானா? இதற்கு மேல் யாரும் வரவில்லையா?

ஹாலில் புழுக்கம் ஏறிக்கொண்டே போனது. அரசு வழக்கறிஞர் சட்டையின் மேல் பட்டனைக் கழற்றினார். ராஜவேலு ஒரு கோப்பை மடக்கி விசிறிக்கொண்டார். அது துறையின் எதிர்வாதம், தொண்ணூறு பக்கம், நல்ல காற்று வந்தது. ஸ்டெல்லா எழுந்து ஜன்னல்களைத் திறந்தாள். தெருவின் சத்தம் எல்லாம் ஒரேயடியாக உள்ளே வந்தது, ஸ்கூட்டர், பள்ளிக்கூடத்து இடைவேளைக் கூச்சல், யாரோ இரும்பை ராவுகிற சத்தம், அதற்கு நடுவில் "வெள்ளரிப் பிஞ்சேய்" என்று இழுத்துக் கூவும் ஒரு பெண் குரல். நடுவர் எழுந்து, வேட்டியைச் சரிசெய்துகொண்டு, ஜன்னலில் தலையை நீட்டி, "ஆத்தா, பத்துப் பிஞ்சு மேல குடுத்தனுப்பு, உப்பு மிளகாப்பொடி தூக்கலா" என்று குரல் கொடுத்தார். ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கொஞ்ச நேரத்தில் அந்த அம்மாளே மூச்சு வாங்கிக்கொண்டு மாடியேறி வந்தாள், கூடையை நடுவரின் மேசைமேலேயே, ஒப்பந்தப் பத்திரத்துக்குப் பக்கத்தில் வைத்தாள், ஒவ்வொன்றாக நாலாக வகிர்ந்து மசாலா தடவினாள். சீனிச்சாமியின் வக்கீல் ஒன்றை எடுத்து அரசு வழக்கறிஞருக்கு நீட்டினார். "கைல ஏதும் விஷம் இல்லையே" என்றார் அவர். ராஜவேலு ஒரு பிஞ்சைக் காகிதத்தில் வைத்து ஜெயக்கொடி பக்கம் கொண்டுவந்தார், ஏதோ சொல்லவும் வாயெடுத்தார். நடுவர் நிமிர்ந்து பார்த்தார். "சாட்சிகிட்ட யாரும் பேசக் கூடாது. வெள்ளரிப் பிஞ்சு குடுக்கலாம்." ராஜவேலு கொடுத்துவிட்டுத் திரும்பிப் போனார். அவள் கடித்தாள். குளிர்ச்சியும் காரமும் ஒன்றாக ஏறியது, கண்ணில் தண்ணீர் வந்தது. உலகத்தில் இதைவிட நல்ல பண்டம் கிடையாது என்று தோன்றியது. எதிரும் புதிருமாக மூன்று வருஷம் காகிதத்தில் கடித்துக் குதறிக்கொண்டவர்கள், எல்லார் உதட்டிலும் மிளகாய்ப்பொடி ஒட்டியிருக்கிறது, எல்லாரும் உஸ் உஸ் என்கிறார்கள்.

அப்போதுதான் சீனிச்சாமியை நன்றாகப் பார்த்தாள். காலையில் இருந்து அந்தப் பக்கம் பார்க்காமலே இருந்திருக்கிறாள். மீசை முழுக்க வெளுத்துவிட்டது. பொக்லைனை விற்றுவிட்டார் என்றும் போடியில் பெயிண்ட் கடை வைத்திருக்கிறார் என்றும் கேள்விப்பட்டிருந்தாள். மற்றவர்கள் நின்றுகொண்டு தின்ன, அவர் மட்டும் நாற்காலி நுனியில், முழங்கால் இரண்டையும் அகட்டி, ஒவ்வொரு முழங்காலிலும் ஒரு கையை ஊன்றி, குனிந்து தரையையே பார்த்துக்கொண்டு மென்றுகொண்டிருந்தார். அந்த உட்காரலைப் பார்த்ததும் அவளுக்குள் ஏதோ ஒன்று சட்டென்று திறந்தது. இப்படித்தான், இதே மாதிரித்தான் உட்கார்ந்தார், அன்றைக்கு, பாறை மேல். தகவல் கேட்டு ஓடிவந்து குழிக்குள் இறங்கி, ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்து, செருப்புக் காலால் இரண்டு மிதி மிதித்துப் பார்த்து, அப்படியே உட்கார்ந்துவிட்டார். அவளுக்கோ உள்ளூரச் சந்தோஷம் பொங்கிக்கொண்டிருந்தது, பாலத்தின் கால் பாறையில் உட்கார்வதைவிடப் பொறியாளருக்கு வேறென்ன வேண்டும். அதைக் காட்டிக்கொள்ளக் கூடாது, எதிரில் ஒரு மனுஷனுக்குக் குடி முழுகிக்கொண்டிருக்கிறது. முகத்தை வருத்தமாக வைத்துக்கொண்டு நின்றாள். அவர் தரையைப் பார்த்தபடியே வெகுநேரம் இருந்துவிட்டு, தலையைத் தூக்கி, ரொம்ப அமைதியாகச் சொன்னார்: "மேடம், வாழ்த்துக்கள். உங்க பாலம் எந்தக் காலத்துக்கும் நிக்கும். நாந்தான் நிக்கமாட்டேன்." அதற்குத்தான் சிரித்தாள். அவரும் சிரித்தார், அது படத்தில் இல்லை. பேச்சியம்மாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். மேலே நின்ற மேஸ்திரி செல்போனில் ஒரு படம் எடுத்தார். ஒருத்தருக்கு நஷ்டமும் இன்னொருத்தருக்குச் சந்தோஷமும் ஒரே கல்லில் இருந்தது, இரண்டும் உண்மையாக இருந்தது, அதை இரண்டு பேரும் தெரிந்துகொண்டு சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு இப்போது, ஒன்பது வருஷம் கழித்து, வாயில் வெள்ளரிப் பிஞ்சோடு, அடக்க அடக்கப் புரையேறிக்கொண்டு வெளியே வந்துவிட்டது. எல்லாரும் திரும்பினார்கள்.

"என்னம்மா?" என்றார் நடுவர்.

"ஒண்ணுமில்லைங்கய்யா. மன்னிச்சுக்கங்க. சிரிப்பு வந்திருச்சு."

"சிரிங்க, சிரிங்க. அது பதிவாகாது" என்றார் அவர், தன் பங்குப் பிஞ்சைக் கடித்துக்கொண்டே.

சிரித்து முடித்ததும் உடம்பு லேசாகிவிட்டது. யாரோ தோளில் இருந்து சிமெண்ட் மூட்டையை இறக்கிவைத்த மாதிரி. இனி யோசிக்க ஒன்றுமில்லை என்பது தெரிந்தது. ஞாபகம் இல்லை என்று சொல்ல ஒரே ஒரு விஷயம்தான் மிச்சம் இருந்தது, அதுவும் இப்போது ஞாபகம் வந்து தொலைத்துவிட்டது. ஆனாலும் ஒரு முள் இருந்தது. சீனிச்சாமி கேட்டிருப்பது ஆயிரத்து நூற்றைம்பது கன மீட்டருக்கு. அது அவளுக்குக் காலையில்தான், கோப்பைப் புரட்டியபோது தெரிந்தது. ஆயிரத்து நூற்றைம்பதா? இழுத்துப் பிடிங்க என்றால் இழுத்துப் பிடித்த மனுஷனா? பாறை என்று சொன்னால் துறை முறைக்கும். அறுநூற்றுப் பன்னிரண்டு என்று சொன்னால் அவரும் முறைப்பார். இரண்டு பக்கமும் ஒரு சிநேகிதம் மிச்சமில்லாமல் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். அதை நினைத்துப் பயம் வரும் என்று காத்திருந்தாள். வந்தது பசி. நல்ல, சுத்தமான பசி. டிபன் பாக்ஸில் புளியோதரை இருந்தது. ஃபேன் ஒரு முனகல் முனகி, அசைந்து, சுற்ற ஆரம்பித்தது. வெள்ளரிக்காரம்மாள் காசை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டு படியிறங்கினாள். ஸ்டெல்லா கணினிக்கு உயிர் கொடுத்து, கைக்குட்டையால் விரல்களைத் துடைத்துக்கொண்டு, கேள்வியை வாசித்தாள்.

"பாறை மேல" என்றாள் ஜெயக்கொடி.

ஸ்டெல்லாவின் விரல்கள் தட்டி நின்றன. வக்கீல் அவசரமாக எழுந்தார். "அப்ப அளவுப் புத்தகத்துல இருக்கறது?"

"தப்பு. நான்தான் எழுதினேன். திருத்திய மதிப்பீடு வந்ததும் மாத்திக்கலாம்னு எழுதினேன், வரல. எழுதினது தப்பு." சொல்லிவிட்டுக் குனிந்து பையைத் திறந்தாள். டிபன் பாக்ஸை எடுத்து மேசைமேல் வைத்தாள், தண்ணி பாட்டிலை வைத்தாள், அதற்கப்புறம் அந்த ஓரம் மடங்கிய புத்தகத்தை எடுத்தாள். "பாறையை அளந்தது இதுல இருக்குங்கய்யா. ரெண்டு பேர் கையெழுத்தும் இருக்கு."

அரசு வழக்கறிஞர் எழுந்தார். "இத்தனை வருஷம் இந்தப் புத்தகத்த ஏன் குடுக்கல?"

"யாரும் கேக்கலங்க. கேட்டதெல்லாம் அளவுப் புத்தகத்தத்தான்."

"இன்னைக்கு யார் கேட்டா?"

"அளந்தவர் வரட்டும்னு சம்மன்ல இருந்துச்சு. இது இல்லாம நான் எப்படிங்க அளந்தவளாவேன்?"

நடுவர் கையை நீட்டினார். புத்தகத்தை வாங்கி, ஒவ்வொரு குழியாக, ஒவ்வொரு மூலையாக விரல் வைத்து வாசித்தார். அவசரமே படாமல் கடைசிப் பக்கம் வரைக்கும் போனார். ஒருத்தர் இவ்வளவு நிதானமாகத் தன் எண்களை வாசிப்பதை ஜெயக்கொடி முதல்தடவை பார்த்தாள். "அறுநூத்திப் பன்னெண்டுன்னு இருக்கு" என்றார் அவர், கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து. "மனுவுல ஆயிரத்து நூத்தம்பதுன்னு இருக்கே."

"அறுநூத்திப் பன்னெண்டுதாங்கய்யா" என்றாள்.

சீனிச்சாமியின் வக்கீல், இது சாட்சியின் சொந்தக் குறிப்பு மட்டுமே என்று என்னவோ ஆரம்பித்தார். சீனிச்சாமி எழுந்து அவர் தோளைத் தொட்டார். "விடுங்க சார். அந்தம்மா கணக்குதான் சரி. கூடக் கேட்டாத்தான் பாதியாவது வரும்னு பயந்துட்டேன்." நடுவர் புத்தகத்தை மூடினார். அப்புறம் ஸ்டெல்லாவிடம், "இதையும் பதிவு பண்ணும்மா, பயந்துட்டேன்னு சொன்னது வரைக்கும்" என்றார்.

கீழே கார் பக்கத்தில் ராஜவேலு நின்றார். கோபமா அலுப்பா என்று சொல்ல முடியாத முகம். "பதினேழு பி நான்தாம்மா உங்களுக்குப் போடணும்" என்றார். "போடுங்க சார்" என்றாள். "போட்டுட்டு, விளக்கம் எப்படி எழுதறதுன்னும் நான்தான் சொல்லித் தரணும்போல." கார்க்கதவைத் திறந்துவிட்டு, அவள் வரவில்லை, பஸ்ஸில் போய்க்கொள்கிறேன் என்றதும் தலையை ஆட்டிக்கொண்டு ஏறிப் போனார். அவர் சொன்னபடியே பிறகு நடந்தது. குறிப்பாணை வந்தது, விளக்கம் கொடுத்தாள், உண்மையைத் தானே சொன்னதைக் கணக்கில் எடுத்துக் கண்டனத்தோடு விட்டார்கள், பதவி உயர்வு ஒரு வருஷம் தள்ளிப் போனது. நாலு மாசத்தில் நடுவரின் தீர்ப்பு வந்தது. அறுநூற்றுப் பன்னிரண்டு கன மீட்டருக்குப் பாறை ரேட்டும் ஒன்பது வருஷ வட்டியும் சீனிச்சாமிக்கு. கூடுதலாகக் கேட்டது தள்ளுபடி. கைப்பிடிச் சுவர் வேலையில் அவர் செய்த தாமதத்துக்குத் துறை பிடித்த அபராதம் சரியே. துறை மேல்முறையீட்டுக்குப் போகவில்லை, சொந்தச் சாட்சியை எதிர்த்து என்னவென்று போவது. ஆனால் அதெல்லாம் அன்றைக்கு மத்தியானம் யாருக்கும் தெரியாது. அன்றைக்கு அவளுக்குத் தெரிந்ததெல்லாம் பசி, வெயில், வேப்பம்பூ கொட்டிக்கிடந்த தெரு, எங்காவது நிழலில் உட்கார்ந்து புளியோதரையைத் திறக்க வேண்டும் என்கிற ஆசை, எதற்கென்று இல்லாமல் உள்ளே ஓடிக்கொண்டிருந்த ஒரு கும்மாளம். வேப்பமரத்து நிழலில் சைக்கிள் ஸ்டாண்டுத் திட்டில் உட்கார்ந்து மூடியைத் திறந்தபோது சீனிச்சாமி மாடிப்படி இறங்கி வந்தார். நின்றார். ஒன்பது வருஷத்தில் முதல் பேச்சு.

"ஐநூத்தி முப்பத்தெட்டு கன மீட்டரக் கொறச்சுப்புட்டீகளே மேடம்."

"நீங்க தோண்டலையே."

"தோண்டலதான்." மீசைக்குள் சிரித்தார். திட்டின் மறுகோடியில், அதே மாதிரி முழங்காலில் கைகளை ஊன்றி உட்கார்ந்தார். அவள் மூடியில் கொஞ்சம் புளியோதரை வைத்து நீட்டினாள், மறுக்காமல் வாங்கிக்கொண்டார். இரண்டு வாய் தின்றுவிட்டு, தெருவைப் பார்த்துக்கொண்டே, யாரிடமோ ரகசியம் சொல்வதுபோலக் குரலை இறக்கிச் சொன்னார்: "முந்தின ஐப்பசில ஓடையில பெருவெள்ளம் வந்துச்சுல்ல. மனசு கேக்கல. மழையோட மழையா வண்டி எடுத்துட்டுப் போயிப் பாத்தேன். தண்ணி தூண்ல வந்து முட்டுது மேடம், ஆனை முட்டுன மாதிரி. ஒரு அசைவு இல்ல."

ஜெயக்கொடி வாயில் இருந்ததை விழுங்கினாள்.

"தெரியும்" என்றாள். "நானும் அன்னைக்கு லீவு போட்டுட்டுப் போயிருந்தேன்."